வேன்களின் எரிபொருள் தொட்டியும் ஓட்டத் தொலைவும்: ஃபோக்ஸ்வேகன் டிரான்ஸ்போர்ட்டர் வழியே ஒரு வரலாறு

ஒரு வாகனம் எரிபொருள் தொட்டியை ஒருமுறை நிரப்பிய பின், மறுமுறை நிரப்பாமல் ஓடக்கூடிய தூரம் அதன் ஓட்டத் தொலைவு எனப்படும். தொட்டியின் கொள்ளளவை, ஒரு லிட்டருக்கு வண்டி ஓடும் கிலோமீட்டரால் பெருக்கினால் இத்தொலைவு கிடைத்துவிடும். ஐந்தாம் வகுப்பு மாணவரும் போடக்கூடிய கணக்குதான். ஆனால் சரக்கு வேனைப் பொறுத்தவரை, தொட்டி எத்தனை லிட்டர் கொள்ள வேண்டும் என்ற கேள்விக்கு விடை அவ்வளவு எளிதன்று. தொட்டி பெரிதானால் சரக்கு ஏற்றும் இடமும் எடையும் குறையும். சிறிதானால் வேலை நேரத்தில் பங்க்கைத் தேடி அலைய வேண்டும். வேன் ஒரு நாளில் என்ன வேலை செய்கிறது என்பதே இதை முடிவு செய்யும்.

இதைப் புரிந்துகொள்ள ஒரே குடும்பத்து வண்டிகளை எடுத்துக்கொள்வது நல்லது. ஜெர்மனியின் ஃபோக்ஸ்வேகன் நிறுவனத்தின் டிரான்ஸ்போர்ட்டர் வேன் 1950 முதல் தலைமுறை தலைமுறையாக வந்துகொண்டிருக்கிறது. அதன் தொட்டி 40 லிட்டரில் தொடங்கி, 80 லிட்டர் வரை வளர்ந்து, பிறகு சற்றுக் குறைந்தது. மின்சார வேன் வந்தபோது தொட்டியே இல்லாமல் போயிற்று.

நாற்பது லிட்டர்

பென் போன் என்பவர் நெதர்லாந்தில் ஃபோக்ஸ்வேகன் கார்களை இறக்குமதி செய்து விற்றவர். 1947 ஏப்ரல் 23 அன்று தம் குறிப்பேட்டில் ஒரு பெட்டி வடிவ வண்டியை வரைந்தார். ஓட்டுநர் முன்னே, எஞ்சின் பின்னே, நடுவில் முக்கால் டன் சரக்கு. இந்த எண்ணம் 1950 மார்ச்சில் வோல்ஃப்ஸ்பர்க் ஆலையில் வண்டியாக உருப்பெற்று வெளிவந்தது. ‘பீட்டில்’ காரில் இருந்த அதே 1131 சிசி, 25 குதிரைத்திறன் எஞ்சின்தான் இதற்கும். வேகம் மணிக்கு 80 கிலோமீட்டர் அளவில். தொட்டி 40 லிட்டர்.

லிட்டருக்குச் சுமார் 10 கிலோமீட்டர் என்று வைத்துக்கொண்டால் 400 கிலோமீட்டர் ஓடும். இன்றைய கண்ணுக்கு இது குறைவாகத் தெரியலாம். அன்று இந்த வண்டியை வாங்கியவர்களை நினைத்துப் பார்க்க வேண்டும். போரில் இடிந்த நகரங்களை மீண்டும் கட்டிக்கொண்டிருந்த மேற்கு ஜெர்மனியில் ரொட்டிக் கடைக்காரர், இறைச்சிக் கடைக்காரர், குழாய் வேலை செய்பவர், சுவருக்கு வண்ணம் பூசுபவர் ஆகியோரே இதன் வாடிக்கையாளர்கள். ஒரே ஊருக்குள் அல்லது பக்கத்து ஊர் வரை போய் மாலையில் கடைக்குத் திரும்பிவிடும் வண்டிக்கு 400 கிலோமீட்டர் என்பது பல நாள் ஓட்டம்.

இந்த வண்டியில் எரிபொருள் அளவைக் காட்டும் முள்ளே கிடையாது என்பது இன்றைய மாணவர்களுக்கு வியப்பாக இருக்கும். அதற்குப் பதிலாக ‘ரிசர்வ்’ குழாய் ஒன்று இருந்தது. பெட்ரோல் குறைந்து எஞ்சின் திணறத் தொடங்கியதும் ஓட்டுநர் ஒரு குமிழை இழுத்துவிடுவார். தொட்டியின் அடியில் மிச்சம் வைக்கப்பட்டிருந்த சில லிட்டர் எஞ்சினுக்குப் போகும். அதற்குள் பங்க்கை அடைந்துவிட வேண்டும். நம் ஊர் மோட்டார் சைக்கிள்களில் பல ஆண்டுகள் இருந்த அதே ஏற்பாடுதான். ‘வண்டி ரிசர்வுக்கு வந்துவிட்டது’ என்ற பேச்சு, அந்தக் குழாய் போன பிறகும் நம்மிடம் நிலைத்துவிட்டது. டிரான்ஸ்போர்ட்டரில் 1960களின் தொடக்கத்தில்தான் அளவு காட்டும் முள் வந்தது.

இன்னொரு செய்தி. மிக ஆரம்பகால வண்டிகளில் பெட்ரோல் ஊற்றும் வாய் எஞ்சின் அறைக்குள்ளேயே இருந்தது. பின்பக்கத்துப் பெரிய மூடியைத் திறந்து, சூடான எஞ்சினுக்கு அருகில் வைத்துத்தான் பெட்ரோலை ஊற்ற வேண்டும். பின்னர் அது வெளிப்பக்கத்துக்கு மாற்றப்பட்டது. இவ்வளவு காலம் அதை அங்கே விட்டு வைத்ததே அதிகம் என்பது என் கருத்து.

தொட்டி பாதி கூடியது, தொலைவு கால் கூடியது

1967இல் இரண்டாம் தலைமுறை வந்தது. தொட்டி 60 லிட்டராயிற்று, அதாவது ஒன்றரை மடங்கு. ஓட்டத் தொலைவும் ஒன்றரை மடங்கு ஆயிற்றா என்றால் இல்லை. எஞ்சின் 1600 சிசி ஆகி, பின்னர் 1700, 1800, 2000 என்று வளர்ந்தது. வண்டி கனத்தது, நெடுஞ்சாலையில் வேகமாகவும் ஓடியது. 100 கிலோமீட்டருக்கு 12 லிட்டர் என்று கொண்டால் 60 லிட்டருக்கு 500 கிலோமீட்டர்தான். தொட்டி 50 விழுக்காடு கூடியும் தொலைவு 25 விழுக்காடே கூடியது. பெட்டி போன்ற முகத்தோடு காற்றைத் தள்ளிச் செல்லும் வண்டியில், வேகத்துக்கு நாம் கொடுக்கும் விலை இது. வேகம் இரு மடங்கானால் காற்றின் எதிர்ப்பு விசை நான்கு மடங்காகும் என்று இயற்பியல் பாடத்தில் படித்ததை இங்கே நினைவுகூரலாம்.

தொட்டி இந்தத் தலைமுறையிலும் பின்புறத்தில், எஞ்சினை ஒட்டியே இருந்தது. ஆண்டுகள் ஆக ஆக ரப்பர்க் குழாய்கள் காய்ந்து வெடிக்கும். பெட்ரோல் கசிந்து சூடான எஞ்சின் மேல் சொட்டும். பழைய டிரான்ஸ்போர்ட்டர்கள் தீப்பற்றுவதற்கு இது நன்கு அறியப்பட்ட காரணம். இன்றும் அவற்றைப் பாதுகாத்து ஓட்டுபவர்கள் முதலில் மாற்றுவது இந்தக் குழாய்களைத்தான்.

1972: எண்பத்தைந்து கிலோமீட்டர் வேன்

ஜெர்மனிக்கு மின்சார வேன் புதிதன்று. 1920களிலேயே பெர்லினில் அஞ்சல் துறை மின்சார வண்டிகளில் பார்சல்களைக் கொண்டு சென்றது. 1972இல் ஃபோக்ஸ்வேகன் இரண்டாம் தலைமுறை வேனில் தொட்டியையும் எஞ்சினையும் எடுத்துவிட்டு, ஈய அமில பேட்டரியும் மின் மோட்டாரும் வைத்துப் பார்த்தது. அடுத்த ஆண்டு இறுதியில் எண்ணெய் நெருக்கடி வந்து, மேற்கு ஜெர்மனியில் சில ஞாயிற்றுக்கிழமைகளில் கார் ஓட்டவே தடை போட்டார்கள். முயற்சி சரியான நேரத்தில்தான் தொடங்கியிருக்கிறது.

பேட்டரியின் எடை 800 கிலோவுக்கு மேல். அதில் தேங்கிய ஆற்றல் 21.6 கிலோவாட் மணி. ஓட்டத் தொலைவு சுமார் 85 கிலோமீட்டர். பேட்டரி தீர்ந்தால் பக்கவாட்டில் உருவி எடுத்துவிட்டு, மின்னேற்றிய இன்னொன்றைச் செருகும் ஏற்பாடும் இருந்தது. இருந்தும் மிகக் குறைந்த எண்ணிக்கையிலேயே இவ்வண்டிகள் செய்யப்பட்டன. எடையை ஒப்பிட்டுப் பார்த்தால் காரணத்தை ஊகிக்கலாம். 60 லிட்டர் பெட்ரோல் 45 கிலோவைத் தாண்டாது. அதைக் கொண்டு 500 கிலோமீட்டர் போகலாம் என்றிருக்கையில், 800 கிலோவைச் சுமந்துகொண்டு 85 கிலோமீட்டர் போக யார் பணம் கொடுப்பார்கள்?

தொட்டி முன்னே வந்தது, டீசல் உள்ளே வந்தது

1979இல் வந்த மூன்றாம் தலைமுறையில் கொள்ளளவு அதே 60 லிட்டர்தான். இடம் மாறியது. தொட்டி எஞ்சினை விட்டு விலகி, முன்னிருக்கைகளுக்குக் கீழே தரைக்கு அடியில் போயிற்று. நான்கு சக்கரமும் இழுக்கும் ‘சிங்க்ரோ’ வகை 1985இல் வந்தபோது, முன்சக்கரத்துக்குப் போகும் தண்டுக்கு அங்கே வழிவிட வேண்டியிருந்தது. அதனால் அவ்வகையில் மட்டும் தொட்டி மறுபடி பின்புறம் சென்று 70 லிட்டராயிற்று. தொட்டியின் வடிவமும் அளவும் பெரும்பாலும் இப்படித்தான் அமையும். மற்ற உறுப்புகள் விட்டுக்கொடுத்த இடமே தொட்டிக்கு.

பெரிய மாற்றம் 1981இல் வந்த 1600 சிசி டீசல் எஞ்சின். 50 குதிரைத்திறன் மட்டுமே கொண்ட இது சுறுசுறுப்பான எஞ்சின் இல்லை. ஆனால் 100 கிலோமீட்டருக்கு 9 லிட்டர் என்று கொண்டால், அதே 60 லிட்டர் தொட்டியில் 660 கிலோமீட்டர் போகலாம். தொட்டியைத் தொடாமலேயே தொலைவு கூடிவிட்டது.

ஆனால் டீசல் வண்டியில் கடைசிச் சொட்டு வரை ஓட்டக் கூடாது. தொட்டி காய்ந்தால் குழாய்க்குள் காற்று புகுந்துவிடும். நம் ஓட்டுநர்கள் ‘ஏர் பிடித்துவிட்டது’ என்பார்கள். அதை வெளியேற்றாமல் வண்டி கிளம்பாது. ஆகவே அனுபவமுள்ள ஓட்டுநர் முள் காலுக்கு வரும்போதே டீசல் போட்டுவிடுவார். ஏட்டில் உள்ள ஓட்டத் தொலைவு வேறு, நம்பி ஓடக்கூடிய தொலைவு வேறு. ஏற்றிய சுமை, கூரைமேல் கட்டிய ஏணி, எதிர்க்காற்று, குளிரூட்டும் பெட்டி எல்லாம் அதில் பங்கு கேட்கும்.

ஆயிரம் கிலோமீட்டரும் அதன் பிறகும்

1990இல் வந்த நான்காம் தலைமுறையில் எஞ்சின் முன்பக்கம் வந்துவிட்டது. தரைக்கு அடியில் இடம் கிடைத்து, தொட்டி 80 லிட்டராயிற்று. சில ஆண்டுகளில் நேரடி ஊசிவழி டீசல் எஞ்சினும் சேர்ந்தது. 100 கிலோமீட்டருக்கு 8 லிட்டர் என்றால் கணக்கு ஆயிரம் கிலோமீட்டரைத் தொடுகிறது. 2003இல் வந்த ஐந்தாம் தலைமுறையும் 80 லிட்டரைத் தக்கவைத்தது.

இனி தொட்டி வளர்ந்துகொண்டே போகும் என்று எதிர்பார்ப்போம். நடந்தது வேறு. 2015இல் வந்த ஆறாம் தலைமுறையில் பல வகைகளுக்கு 70 லிட்டரே கொடுத்தார்கள். எஞ்சின் சிக்கனமாகிவிட்டது ஒரு காரணமாகலாம். புகையைத் தூய்மைப்படுத்தும் ஆட்புளூ திரவத்துக்கும் தனித் தொட்டி தேவைப்பட்டது. மூன்றாவதாக ஒரு கணக்கு இருக்கிறது. அதைச் சற்று விளக்க வேண்டும்.

80 லிட்டர் டீசலின் எடை சுமார் 67 கிலோ. ஒன்றே கால் மூட்டை சிமென்ட்டை விடச் சற்று அதிகம். ஐரோப்பிய விதிப்படி வண்டியின் வெற்று எடையைச் சொல்லும்போது ஓட்டுநருக்கு 75 கிலோவும், தொட்டியில் பத்தில் ஒன்பது பங்கு எரிபொருளும் சேர்த்தே சொல்ல வேண்டும். அனுமதிக்கப்பட்ட மொத்த எடையிலிருந்து அதைக் கழித்தால் வருவதே சரக்குக்கு உரிய எடை. எனவே தொட்டியை 10 லிட்டர் குறைத்தால், விற்பனைக் குறிப்பில் சுமையளவு ஏறத்தாழ எட்டு கிலோ கூடும். ஒரு நாளில் 200 கிலோமீட்டர் ஓடும் வேனுக்கு ஆயிரம் கிலோமீட்டர் எரிபொருளைச் சுமப்பது வீண் பாரம்தான். தூர ஓட்டக்காரர்கள் பெரிய தொட்டியைக் கேட்டு வாங்கிக்கொள்ளலாம்.

நம் நாட்டில் 2005இல் வந்த டாடா ஏஸ், அதாவது நம் ‘குட்டியானை’, இதே சிந்தனையின் இன்னொரு விளைவு. 702 சிசி, 16 குதிரைத்திறன் டீசல் எஞ்சின், 30 லிட்டர் தொட்டி. சந்தைக்கும் கடைக்கும் இடையே ஓடும் வண்டிக்கு அது போதும். சொல்லப்போனால், அன்றாட வாடகைப் பணத்தில் ஐந்நூறுக்கும் ஆயிரத்துக்கும் டீசல் போட்டு ஓட்டுபவர்களின் தொட்டி நிரம்புவதே அரிது. அவர்களுடைய ஓட்டத் தொலைவைச் சட்டைப்பைதான் தீர்மானிக்கிறது.

லிட்டர் போய் கிலோவாட் மணி

2022இல் ஃபோக்ஸ்வேகன் ‘ஐடி. பஸ் கார்கோ’ என்ற மின்சார வேனைக் கொண்டு வந்தது. பயன்படுத்தக்கூடிய பேட்டரி ஆற்றல் 77 கிலோவாட் மணி. சோதனை முறைப்படி ஓட்டத் தொலைவு 425 கிலோமீட்டர் வரை. ஒரு லிட்டர் டீசலில் ஏறத்தாழ 10 கிலோவாட் மணி ஆற்றல் உண்டு. அப்படியானால் 80 லிட்டர் தொட்டியில் 800. பேட்டரியில் இருப்பது அதில் பத்தில் ஒரு பங்கு. ஆனால் ஓடும் தூரம் பத்தில் ஒரு பங்காகக் குறையவில்லை. பாதிக்குச் சற்றுக் குறைவாகவே நிற்கிறது. டீசல் எஞ்சின் ஆற்றலின் பெரும்பகுதியை வெப்பமாக வீணாக்குவதும், மின் மோட்டார் அப்படிச் செய்யாததும் இதற்குக் காரணம். 425 கிலோமீட்டர் என்பது 1950ஆம் ஆண்டின் 40 லிட்டர் வேன் ஓடிய தூரத்துக்கு அருகில் வருவதையும் கவனிக்கலாம்.

இதைவிட என் கவனத்தை ஈர்ப்பது வேறொரு வண்டி. ஆகன் நகரில் உருவான ‘ஸ்ட்ரீட்ஸ்கூட்டர்’ நிறுவனத்தை ஜெர்மன் அஞ்சல் நிறுவனம் 2014இல் வாங்கியது. அதன் ஆரம்பகால வேனில் பேட்டரி 20.4 கிலோவாட் மணி, தொலைவு சுமார் 80 கிலோமீட்டர். 1972இன் வேனில் 21.6, தொலைவு 85. நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகு தொலைவு ஒரு கிலோமீட்டர்கூடக் கூடவில்லை! ஆனாலும் இந்த வண்டிகள் ஆயிரக்கணக்கில் தெருவுக்கு வந்தன. காலையில் கிளம்பி, வீடு வீடாக நின்று, மாலையில் அதே கிடங்குக்குத் திரும்பி இரவெல்லாம் மின்னேற்றிக்கொள்ளும் தபால் வண்டிக்கு 80 கிலோமீட்டர் போதுமானது. லித்தியம் பேட்டரி வந்ததால் பாரமும் பல மடங்கு குறைந்துவிட்டது.

பெரிய வேன்களில் எடைச் சிக்கல் இன்னும் தீரவில்லை. ஐரோப்பாவில் சாதாரண கார் உரிமத்தோடு ஓட்டக்கூடிய வேனின் மொத்த எடை 3,500 கிலோ. பேட்டரியின் பாரம் இதற்குள் அடங்க வேண்டுமானால் சரக்கைக் குறைக்க வேண்டும். ஆகவே ஜெர்மனியும் பிரிட்டனும் சரக்கு ஏற்றும் மின்சார வேன்களுக்கு மட்டும் இந்த வரம்பை 4,250 கிலோவாக உயர்த்தின. ஃபோக்ஸ்வேகன் 2018இல் விற்பனைக்குக் கொண்டுவந்த இ-கிராஃப்டர் வேனை 3.5 டன், 4.25 டன் என இரண்டு வகையாகச் செய்தது. இரண்டிலும் பேட்டரி ஒன்றே, 35.8 கிலோவாட் மணி.