அல்லிநகரத்துச் சின்னச்சாமியும் மலையேறாத கேமராவும்

இந்த எபிசோட்ல தேனிப் பக்கம் போறோம். போடிநாயக்கனூர்ல இருந்து சிலமலை, ராசிங்கபுரம், தேவாரம்னு மலையடிவாரத்தை ஒட்டியே ஒரு ரோடு போகும். அதுல போனா பண்ணைப்புரம், இளையராஜாவோட ஊர். போடியில இருந்து கிழக்கே போனா தேனி. அங்கே இருக்கிற அல்லிநகரத்துல 1941-ல பிறந்தவர் சின்னச்சாமி. நமக்கெல்லாம் அவர் பாரதிராஜா.

சுகாதாரத் துறையில வேலை பார்த்துட்டு, நாடகம் போட்டுக்கிட்டு இருந்தவர், சினிமா ஆசையில மெட்ராஸுக்குக் கிளம்பினார். கன்னட இயக்குநர் புட்டண்ணா கணகால்கிட்ட உதவி இயக்குநரா வேலை கத்துக்கிட்டார்.

அதுக்கு முன்னாடியும் தமிழ் சினிமாவுல கிராமம் இருந்தது. ஆனா அது பெரும்பாலும் ஸ்டுடியோவுக்குள்ள போட்ட செட். குடிசைச் சுவர்ல பெயின்ட் பளபளக்கும், பண்ணையாள் மேடைத் தமிழ் பேசுவார்.

பாரதிராஜா கையில அப்போ 'மயில்'னு ஒரு கதை இருந்தது. அரசு நிதி உதவியோட கறுப்பு வெள்ளையில எடுக்க நினைச்சார், நடக்கல. கடைசியில தயாரிப்பாளர் எஸ். ஏ. ராஜ்கண்ணு கலர்லயே எடுக்க முன்வந்தார். அதுதான் 1977 செப்டம்பர்ல வந்த '16 வயதினிலே'. விநியோகஸ்தர்கள் வாங்கத் தயங்கினதால ராஜ்கண்ணுவே ரிலீஸ் பண்ணார். கோவணம் கட்டி, நொண்டி நடக்குற சப்பாணியா கமல். ஊர்ல வம்பளக்கிற பரட்டையா ரஜினி. டீச்சராகணும்னு கனவு காணுற மயிலா ஸ்ரீதேவி. அவளை ஏமாத்துறவர் டவுன்ல இருந்து வந்த படிச்ச டாக்டர்ங்கறதைக் கவனிங்க.

இதுல ஒரு வேடிக்கை இருக்கு. தமிழ்நாடே நம்ம மண்ணோட படம்னு கொண்டாடுன இந்தப் படத்தோட ஷூட்டிங் பெரும்பாலும் நடந்தது கர்நாடகாவுல, மைசூர், கொள்ளேகால் பக்கம்! பேச்சும் நடையும் ஏச்சும் நம்மூர் மாதிரியே இருந்ததால யாருக்கும் அது உறுத்தல.

'கிராமத்து இயக்குநர்'னு முத்திரை குத்துறதுக்குள்ள, 1978-லயே நகரத்துல நடக்குற 'சிகப்பு ரோஜாக்கள்' எடுத்தார். 1980-ல 'நிழல்கள்' மூலமா வைரமுத்துவைப் பாட்டெழுத வச்சார். அவரும் தேனிப் பக்கம்தான்.

சொந்த மண்ணைப் புகழ்ந்துட்டு மட்டும் அவர் நிக்கல. 'வேதம் புதிது' (1987) படத்துல, பேருக்குப் பின்னாடி சாதி எதுக்குன்னு ஒரு சின்னப் பையன் ஊர்ப் பெரியவரை யோசிக்க வைக்கிறான். 'கருத்தம்மா' (1994) பெண் சிசுக்கொலையைப் பேசுச்சு. அரசு தொட்டில் குழந்தைத் திட்டம் ஆரம்பிச்சு ரெண்டே வருஷம் ஆகியிருந்த நேரம் அது. ரெண்டு படத்துக்குமே தேசிய விருது கிடைச்சது. 2004-ல பத்மஸ்ரீயும் வந்தது.

ஆனா ஒரு கேள்வி மிச்சம் இருக்கு. பாரதிராஜா திறந்த கதவு வழியா வந்த நிறைய படங்கள்ல கிராமம்னாலே அருவா, மீசை, பரம்பரைப் பெருமைன்னு சுருங்கிப் போச்சு. நிலம் வச்சிருந்தவங்க ஹீரோ ஆனாங்க. போடி, தேவாரம் பக்கம் இருந்து விடியக்காலம் ஜீப்புல நெருக்கி உட்கார்ந்து கேரளா ஏலத்தோட்டங்களுக்குக் கூலி வேலைக்குப் போறவங்க, எப்பவாவது கூட்டத்துல ஒரு முகமா வந்து போனாங்க.

அந்த மலைக்கு ஒரு கேமரா நிதானமா ஏற 2018 ஆச்சு. லெனின் பாரதியோட 'மேற்குத் தொடர்ச்சி மலை'யில ஹீரோ ரங்கசாமி ஏலக்காய் மூட்டையை முதுகுல சுமந்து இறங்குற கூலித் தொழிலாளி. ஒரு துண்டு நிலம் வாங்குறதுதான் அவர் கனவு. கடைசியில, தன்கிட்ட இருந்து போன நிலத்துலயே காற்றாலைக்குக் காவல்காரரா உட்கார்ந்திருக்கார். படத்துக்கு இசை? அதே பண்ணைப்புரத்து இளையராஜா.

'16 வயதினிலே' வராம இந்தப் படம் வந்திருக்குமான்னு கேட்டா, எனக்குச் சந்தேகம்தான். ஸ்டுடியோ சுவரை ஒருத்தர் உடைச்சார். அந்த வழியில மலை மேல ஏற இன்னொருத்தருக்கு 41 வருஷம் ஆச்சு. இந்த வீக்எண்ட் ரெண்டு படத்தையும் அடுத்தடுத்துப் பாருங்க. பார்க்கும்போது ஒண்ணை மட்டும் கவனிங்க: ரெண்டு படத்துலயும் யாருகிட்ட நிலம் இருக்கு, யாருகிட்ட இல்ல?

அடுத்த எபிசோட்ல பார்ப்போம்!