கதையிலிருந்து எடுக்கப்பட்டவள்

அறிவியல் புனைவுப் படங்களில் காட்சி ஓங்கினால் பாத்திரம் மெலியும் என்பார்கள். அப்படி மெலிவது பெரும்பாலும் யார் என்பதற்கு 'மெட்ரோபோலிஸ்' பழைய சான்று. தெயா ஃபான் ஹார்பு திரைக்கதை எழுதி, அவர் கணவர் ஃப்ரிட்ஸ் லாங் இயக்கிய இந்த மௌனப்படம் 1927 ஜனவரி 10 அன்று பெர்லினில் வெளியானது.

வானளாவிய கட்டடங்களும், எந்திரப்பெண்ணைச் சுற்றி ஏறி இறங்கும் ஒளிவளையங்களும் எல்லோருக்கும் நினைவிருக்கும். அவளை ஏன் செய்தார்கள் என்பது பலருக்கு நினைவிருக்காது. விஞ்ஞானி ரோட்வாங் நேசித்த ஹெல், நகரத்தின் அதிபதி ஃப்ரெடர்சனை மணந்து, பிரசவத்தில் இறந்துபோகிறாள். அவளை மீட்கத்தான் ரோட்வாங் எந்திரம் செய்கிறான்.

அமெரிக்க வெளியீட்டுக்காகப் படத்தைச் சுருக்கும் பொறுப்பை பாரமவுண்ட் நிறுவனம் நாடகாசிரியர் சானிங் போலக்கிடம் ஒப்படைத்தது. ஹெல் என்ற பெயர் ஆங்கிலத்தில் நரகத்தைக் குறிக்கும் சொல்லாக ஒலிக்கிறது என்று அவளையே கதையிலிருந்து எடுத்துவிட்டார். (பெயர்தான் சிக்கல் என்றால் பெயரை மாற்றியிருக்கலாமே!) ஒளிவளையங்கள் தப்பின. எந்திரப்பெண், தொழிலாளிக்கு மாற்றாகச் செய்த வெறும் கருவியானாள்.

2008இல் புவெனோஸ் ஐரிஸ் திரைப்பட அருங்காட்சியகத்தில் நீளமான பிரதி ஒன்று அடையாளம் காணப்பட்டது. சுமார் 25 நிமிடக் காட்சிகள் மீண்டன. ஹெலும் திரும்பினாள், கல்முகமாக. அந்த நினைவுச்சின்னத்தில் பொறித்திருப்பதும் அவள் யாருக்கு மகிழ்ச்சி, யார் அவளைக் கொண்டுபோனான், யாரைப் பெற்றாள் என்பதே. மீண்ட ஆழமெல்லாம் ரோட்வாங்குக்குத்தான் போய்ச் சேர்ந்தது. பித்துப்பிடித்தவன், துக்கம் கொண்டவனாகிவிட்டான்.

எனக்கு இந்தப் படத்தின் ஆழம் பிரிகிட்டே ஹெல்மின் உடலில் இருக்கிறது. அவருக்கு இது முதல் படம். அந்த உலோகக் கவசம் உலோகமே அல்ல. அவர் உடலை அச்செடுத்து, மரவேலையில் விரிசல் அடைக்கும் பசையால் செய்து, உலோக நிறம் பூசியது. முகமே தெரியாத காட்சிக்கு நான் எதற்கு என்று கேட்டாராம். உள்ளே நீ இருப்பது எனக்குத் தெரியுமே என்றாராம் லாங்.

கவசம் கழன்ற பிறகுதான் அவர் நடிப்பைப் பார்க்கவேண்டும். தோளைக் கோணலாக்கி, ஒரு கண்ணைப் பாதி மூடி, கழுத்தை வெட்டித் திருப்பி, மரியாவின் முகத்தை வேறொருத்தியின் முகமாக்குகிறார். அசல் மரியாவுக்கோ நெஞ்சில் கைவைத்து நிற்பதற்குமேல் திரைக்கதை அதிகம் தரவில்லை. எழுதியவர் ஒரு பெண் என்பதையும் சொல்லத்தான் வேண்டியிருக்கிறது.