தூதுவர்கள் (ஹோல்பைன் ஓவியம்)

தூதுவர்கள் (1533) ஜெர்மானிய ஓவியர் இளைய ஹான்ஸ் ஹோல்பைன் லண்டனில் தங்கியிருந்த காலத்தில் வரைந்த தைலவண்ண ஓவியம். ஓக் மரப்பலகைமேல் வரையப்பட்டது. 207 செ.மீ. உயரமும் 209.5 செ.மீ. அகலமும் கொண்டது. லண்டன் தேசிய ஓவியக்கூடத்தில் உள்ளது. நேராக நின்று பார்த்தால் கறையாகவும் பக்கவாட்டிலிருந்து பார்த்தால் மண்டையோடாகவும் தெரியும் உருவத்திற்காகப் புகழ்பெற்றது. காலம், பார்வை, மரணம் ஆகியவற்றை ஒரே சட்டகத்தில் வைத்து ஆராயும் படைப்பாகக் கருதப்படுகிறது.

வரலாற்றுப் பின்னணி

1533-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்து மன்னர் எட்டாம் ஹென்றி, ஆன் போலினை ரகசியமாக மணந்தார். முதல் மனைவி கேத்தரினுடனான திருமணத்தை ரத்துசெய்யப் போப்பாண்டவர் ஒப்புதல் அளிக்கவில்லை. இங்கிலாந்து வழக்குகளை ரோமுக்கு மேல்முறையீடு செய்வதைத் தடுக்கும் சட்டம் அவ்வாண்டு இயற்றப்பட்டது. மே மாதம் பேராயர் தாமஸ் கிரான்மர் முதல் திருமணம் செல்லாது என அறிவித்தார். ஜூன் 1 அன்று ஆன் போலின் அரசியாக முடிசூடினார்.

இந்தக் கொந்தளிப்பின்போது லண்டனில் பிரெஞ்சுத் தூதுவராக இருந்தவர் ழான் த தேன்தவில். நோயும் சலிப்பும் அவரை வாட்டின. தன்னைப்போல் சோர்ந்துபோன தூதுவர் வேறு எவரும் இருக்கமுடியாது என்ற பொருள்பட அவர் தன் சகோதரருக்கு எழுதிய கடிதம் கிடைத்துள்ளது. அந்த வசந்தகாலத்தில் அவருடைய நண்பரும் லவோர் நகர ஆயருமான ழோர்ழ் த செல்வ் லண்டன் வந்தார். பிளவுபட்ட கிறிஸ்தவ சபை மீண்டும் இணையவேண்டும் என வாதிட்டவர் அவர். நண்பர்களின் இந்தச் சந்திப்பை ஹோல்பைன் ஓவியமாக்கினார்.

ஓவியத்தின் அமைப்பு

இடப்பக்கம் தேன்தவில் மென்மயிர்த்தோல் மேலங்கியுடன் நிற்கிறார். வலப்பக்கம் செல்வ் நீண்ட அடர்நிற அங்கி அணிந்து நிற்கிறார். தேன்தவிலின் வயது 29 எனக் குத்துவாளின் உறையிலும், செல்வின் வயது 25 என அவர் முழங்கை ஊன்றியிருக்கும் நூலிலும் எழுதப்பட்டுள்ளது. இருவருக்கும் நடுவே இரண்டு தட்டுகள் கொண்ட மேசை உள்ளது.

மேல்தட்டில் வானக்கோளமும் காலத்தையும் வானத்தையும் அளக்கும் கருவிகளும் உள்ளன. கீழ்த்தட்டில் புவிக்கோளம், வணிகக் கணித நூல், லூட் என்னும் தந்தி வாத்தியம், குழல்கள், லூத்தரன் பாடல்நூல் ஆகியவை உள்ளன. லூட்டின் ஒரு தந்தி அறுந்திருக்கிறது. கணித நூல் வகுத்தலைப் பற்றிய பக்கத்தில் திறந்திருக்கிறது. இவை சபையின் பிளவைச் சுட்டுவதாக ஆய்வாளர்கள் கருதுகின்றனர். இடது மேல்மூலையில் பச்சைத் திரைக்குப் பின்னால் சிலுவையில் அறையப்பட்ட இயேசுவின் சிறு உருவம் பாதி மறைந்து தெரிகிறது.

காலத்தின் குழப்பம்

மேல்தட்டிலுள்ள பல்முகச் சூரியக் கடிகாரத்தை ஹோல்பைன் முன்பே வரைந்திருக்கிறார். மன்னரின் வானியலாளர் நிக்கோலஸ் கிராட்சரை அவர் 1528-ல் வரைந்த உருவப்படத்தில் அதே வகைக் கருவி இருக்கிறது. ஆனால் தூதுவர்கள் ஓவியத்தில் அதன் முகங்கள் ஒரே நேரத்தைக் காட்டவில்லை. அருகிலுள்ள உருளைவடிவச் சூரியக் கடிகாரம் ஏப்ரல் 11-ஐச் சுட்டுவதாக வாசிக்கப்படுகிறது. 1533-ல் அது புனித வெள்ளி.

வரலாற்றாசிரியர் ஜான் நார்த் 2002-ல் வெளியிட்ட நூலில், கருவிகள் அந்நாளின் மாலை நான்கு மணியளவைக் குறிப்பதாக வாதிட்டார். இயேசு இறந்து 1500 ஆண்டுகள் நிறைந்த நாளாக அது எண்ணப்பட்டிருக்கலாம் என்பது அவர் கருத்து. வேறு சில ஆய்வாளர்கள் இதை ஏற்கவில்லை. கருவிகள் ஒன்றுக்கொன்று முரண்படுவதே ஓவியத்தின் நோக்கம் என்கிறார்கள். காலத்தை அளக்க மனிதன் செய்த நுட்பமான கருவிகள் கூடியிருந்தும், மணி என்ன என்று உறுதியாகச் சொல்லமுடியாத நிலை ஓவியத்திற்குள் உருவாகியிருக்கிறது.

மண்டையோடு

இருவரின் காலடியில், தரையின் குறுக்கே சாய்வாக நீண்ட வடிவம் ஒன்று மிதக்கிறது. வலப்பக்கம் சட்டத்தை ஒட்டி நின்று ஓரக்கண்ணால் பார்க்கும்போது அது மண்டையோடாகத் திரள்கிறது. சாய்கோணத் திரிபு எனப்படும் உத்தி இது. உருவத்தைக் கட்டங்களுக்குள் வரைந்து, அக்கட்டங்களை ஒரு திசையில் இழுத்து நீட்டினால் உருவம் சிதையும். ஓரத்திலிருந்து பார்க்கும் கண்ணுக்கு அந்த நீளம் சுருங்கி உருவம் பழைய வடிவை அடையும். லியோனார்டோ டா வின்சியின் குறிப்பேடுகளில் இதற்கு முந்தைய முயற்சிகள் உள்ளன.

மண்டையோடு தெளியும் இடத்தில் தூதுவர்கள் சிதைந்துவிடுகிறார்கள். தூதுவர்கள் தெளிவாக இருக்கும் இடத்தில் மண்டையோடு கறையாகிவிடுகிறது. செல்வம், அறிவு, அதிகாரம் ஆகியவற்றையும் மரணத்தையும் ஒரே இடத்தில் நின்று பார்க்கமுடியாது. பார்வையாளர் நடந்தாகவேண்டும். அசையாத ஓவியத்திற்குள் காலம் நுழைவது அந்தச் சில அடிகளின் வழியாகவே. தேன்தவிலின் தொப்பியிலும் சிறிய மண்டையோட்டுச் சின்னம் உள்ளது. மரணத்தை மறவாதே என்னும் லத்தீன் வாசகத்தை அவர் தன் குறிமொழியாகக் கொண்டிருந்தார்.

மறதியும் மீட்பும்

ஓவியம் பிரான்சில் பொலிசி என்னும் ஊரிலிருந்த தேன்தவிலின் மாளிகைக்குச் சென்றது. புவிக்கோளத்தில் பொலிசியின் பெயர் பொறிக்கப்பட்டுள்ளது. செல்வ் 1541-லும், ஹோல்பைன் 1543-லும், தேன்தவில் 1555-லும் மறைந்தனர். பின்னர் ஓவியம் கைமாறிக்கொண்டே சென்றது. தேசிய ஓவியக்கூடம் 1890-ல் இதை வாங்கியபோது ஓவியத்திலிருப்பவர்கள் யார் என்பதில் தெளிவில்லை. மேரி ஹெர்வே 1900-ல் வெளியிட்ட நூலில் ஆவணச் சான்றுகளுடன் இருவரையும் அடையாளம் காட்டினார். 1990-களில் ஓவியம் விரிவாகச் சீரமைக்கப்பட்டது.

முக்கியத்துவம்

பிரெஞ்சு உளப்பகுப்பாய்வாளர் ழாக் லக்கான் 1964-ல் நிகழ்த்திய கருத்தரங்கில் பார்வை பற்றிய தன் கோட்பாட்டை விளக்க இந்த ஓவியத்தைப் பயன்படுத்தினார். நாம் பார்க்கும் ஓவியம் நம்மையும் திரும்பிப் பார்க்கிறது என்ற சிந்தனைக்கு மண்டையோடு அவருக்கு உதாரணமாயிற்று. தங்கள் பெருமையைப் பதிவுசெய்ய வரையப்பட்ட இருவரின் பெயர்களும் காலத்தில் மறைந்து, அவர்கள் காலடியில் கிடந்த கறையே ஓவியத்தின் அடையாளமாக நிலைத்திருக்கிறது.