கபாலத்தின் வாயில்களும் தமிழ்ப் பெயர்களும்

தென்காசியிலிருந்து கடையம் செல்லும் வழியில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் தோரணமலை அமைந்துள்ளது. அகத்தியரும் அவர்தம் மாணாக்கரும் உறைந்த இடமென்று மக்கள் இம்மலையைப் போற்றுவர். காசிவர்மன் என்னும் மன்னனின் தீராத் தலைவலிக்கு, அவன் தலைக்குள் புகுந்த தேரையே காரணம் எனக் கண்ட அகத்தியர் கபாலத்தைத் திறந்தாராம். மூளையைப் பற்றியிருந்த தேரையை அகற்றும் வகையறியாது அவர் தயங்கி நிற்க, அருகிலிருந்த மாணாக்கர் ஒரு பாத்திரத்தில் நீரை அலசி ஒலியெழுப்பினார். நீரொலி கேட்ட தேரை குதித்து வெளியேறியது. மாணாக்கர் தேரையர் எனப் பெயர் பெற்றார்.

இக்கதை வரலாற்றுச் சான்று ஆகாது. ஆயினும், கபாலத்தின் உள்ளே என்ன இருக்கிறது, அதனுள் புகும் வழி யாது என்னும் வினாக்கள் இம்மண்ணின் கற்பனையில் நெடுங்காலமாக உலவி வந்தன என்பதற்கு இது சான்றாகும்.

கபாலத்தின் அடித்தளம்

சித்தர் மரபு உடலை ஒன்பது வாயில் உடைய வீடாகக் கண்டது. உடற்கூற்றியல் கபாலத்தின் அடித்தளத்தில் மேலும் பல வாயில்களைக் காட்டுகின்றது. அவற்றுள் பெரியது பிடரெலும்பில் உள்ள பெருந்துளை. மூளையின் தண்டு முள்ளந்தண்டு வடமாகத் தொடர்வது இதன் வழியேதான். ஏனையவை சிறியன. ஆப்புரு எலும்பில் மூன்று துளைகள் அடுத்தடுத்து அமைந்துள்ளன. வட்டத்துளை வழியாக மேல்தாடைக்குரிய நரம்பும், நீள்வட்டத்துளை வழியாகக் கீழ்த்தாடைக்குரிய நரம்பும் செல்கின்றன. முட்துளை வழியாக மூளையுறைக்குக் குருதி கொணரும் தமனி உள்ளே நுழைகின்றது. பிடரெலும்பின் இருபுறமும் உள்ள சிறு கால்வாய்கள் நாவை அசைக்கும் நரம்புக்கு உரியவை. குரல்வளைக்குச் செல்லும் நரம்போ கழுத்துச்சிரைத் துளையின் வழியே இறங்குகின்றது. கவிஞர் வாய்திறந்து ஓரடி சொல்லும்போது நாவும் குரலும் இவ்வாயில்களின் வழியே ஏவல் பெறுகின்றன.

இத்துளைகளால் மருத்துவர் பெறும் பயனும் உண்டு. முகத்தைத் தாக்கும் கொடிய நரம்பு வலிக்குக் கன்னத்தின் வழியே ஊசியைச் செலுத்தி, நீள்வட்டத்துளையினூடே நரம்பை அணுகி மருத்துவம் செய்யும் முறை இன்று வழக்கில் உள்ளது. கபாலத்தைத் திறவாமலே அதனுள் புகும் வழி இது.

காரணப்பெயரும் இடுகுறிப்பெயரும்

இவற்றின் இலத்தீன், கிரேக்கப் பெயர்களை ஆராய்வார்க்கு ஓர் உண்மை புலப்படும். அவை கடுஞ்சொற்கள் அல்ல. வட்டமானது, முள்ளருகே உள்ளது, கிழிந்தது என்று கண்டதைக் கண்டவாறு கூறுவன. மணமறியும் நரம்பிழைகள் நுழையும் பல சிறு துளைகளைக் கொண்ட எலும்பைக் கிரேக்கர் சல்லடை போன்றது என்றனர். தமிழில் அது நெய்யரி எலும்பு எனப்படுகின்றது. ஆப்புரு எலும்பு என்பதும் அவ்வகையினதே. நன்னூலார் வழிநின்று கூறின், இவை யாவும் காரணப்பெயர்கள். ஆனால் 'ஃபொரேமென் ஸ்பைனோசம்' என ஒலிபெயர்த்த அளவில், தமிழ் மாணாக்கனுக்கு அது இடுகுறிப்பெயர் ஆகிவிடுகின்றது. பொருளை விட்டு ஒலியை மட்டும் அவன் மனனம் செய்ய நேர்கின்றது.

யாழ்ப்பாணத்து முயற்சி

இவ்விடரை உணர்ந்தவர் அமெரிக்க மிஷன் மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிறீன் (1822–1884). 1847இல் யாழ்ப்பாணம் வந்த அவர், 1864 முதல் மானிப்பாயில் மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். லண்டனில் 1858இல் வெளிவந்த கிரேயின் உடற்கூற்று நூல், பதினான்கே ஆண்டுகளில், 1872இல், 'மனுஷ அங்காதிபாதம்' என்று தமிழுருப் பெற்றது. சொல் வேண்டியபோது முதலில் தமிழையும், அடுத்து வடமொழியையும் நாடி, அவற்றில் கிடையாதவிடத்தே ஆங்கிலத்தை ஒலிபெயர்ப்பது அவர்தம் நெறி. அவர் பயிற்றிய தமிழ் மருத்துவர் அறுபதின்மருக்கும் மேற்பட்டோர். 1873இல் அவர் தாயகம் திரும்பிய பின் தமிழ்வழி மருத்துவக் கல்வி நெடிது நிலைபெறவில்லை.

அவ்வுணர்வு முற்றிலும் அவியவுமில்லை. 1936இல் சென்னையில் ஈழத்து விபுலானந்த அடிகள் தலைமையில் சொல்லாக்க மாநாடு கூடியது. நெல்லையை இருப்பிடமாகக் கொண்டு இயங்கிய சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம் 1938இல் கலைச்சொற்கள் தொகுதியை வெளியிட்டது. அறிவியற் சொல்லாக்கத்தில் ஈழமும் நெல்லைச் சீமையும் கைகோத்த நிகழ்ச்சி அது. இலங்கைத் தமிழ்ப் பாடநூல்கள் எலும்புத் துளையைக் 'குடையம்' என்கின்றன. குடைதல் என்னும் நம் வினையே அதன் வேர்.

இன்றும் தமிழகத்தில் மருத்துவப் பட்டக்கல்வி ஆங்கிலத்தில்தான் நிகழ்கின்றது. அதன் இழப்பு மாணாக்கரோடு முடிவதில்லை. அருவிப்பாறையில் வழுக்கித் தலையில் அடிபட்டவரின் நெற்றிப்பொட்டருகே எலும்பு முறிந்து, முட்துளை வழி வந்த தமனி கிழியுமானால், மண்டைக்குள் குருதி தேங்கும். நெய்யரி எலும்பில் நரம்பிழைகள் அறுபட்டால் மோப்பம் அற்றுப்போகும். இவற்றை உற்றார்க்கு விளக்க முற்படும் மருத்துவரிடம், தாம் கற்ற பாடத்திலிருந்து எடுத்தாளத் தமிழ்ச்சொல் இருப்பதில்லை. சொல் விளங்காமலே உற்றார் அறுவைக்கு ஒப்புதல் தர நேர்கின்றது.

குற்றாலத்தில் வாழ்ந்து 1954இல் மறைந்த ரசிகமணி டி.கே.சி. தாய்மொழிவழிக் கல்வியை வலியுறுத்தியவர். அவர் வாழ்ந்த வட்டாரத்துக் கவிஞர்க்கு இதில் ஒரு கடமை உண்டு. உருவங்கண்டு பெயரிடுதல் உவமை காண்பதற்கு அணுக்கமான தொழில். நெய்யரி என்றும் ஆப்புரு என்றும் கண்டு சொன்ன கண், கவிஞனுக்கும் உரிய கண்ணே. மருத்துவரும் கவிஞரும் ஓரவையில் அமர்ந்து, கிறீன் தொடங்கி வைத்த சொற்பணியைத் தொடர்தல் வேண்டும்.