ஆயா ராம், கயா ராம்

குடிமையியல் வகுப்பில் நான் சொல்லி நீங்கள் விழுந்து விழுந்து சிரித்த கயா லால் கதை நினைவிருக்கிறதா? அதை நான் பாதிதான் சொல்லியிருக்கிறேன்.

1967. ஹரியானா தனி மாநிலமான பின் நடந்த முதல் தேர்தல். ஹசன்பூரில் சுயேச்சையாக வென்ற கயா லால் காங்கிரசில் சேர்ந்தார். பிறகு ஐக்கிய முன்னணிக்குப் போனார், மறுபடி காங்கிரசுக்கு வந்தார், ஒன்பது மணி நேரத்தில் மீண்டும் முன்னணிக்கே போய்விட்டார். ராவ் பீரேந்தர் சிங் அவரைச் சண்டிகரில் பத்திரிகையாளர் முன் நிறுத்தி, 'கயா ராம் இப்போது ஆயா ராம்' என்றார். இந்தியில் கயா என்றால் போனான், ஆயா என்றால் வந்தான். (கடைசி பெஞ்சு சிரித்தது நம்மூர் ஆயாவை நினைத்து!)

நான் சொல்லாமல் விட்டது இது. அந்த ராவும் காங்கிரசிலிருந்து பிரிந்து வந்துதான் முதல்வரானார். 1978-ல் தன் கட்சியைக் காங்கிரசிலேயே இணைத்தார். பின்பு இந்திரா அமைச்சரவையில் வேளாண் அமைச்சர். அவருக்கு யாரும் பட்டப்பெயர் வைக்கவில்லை.

1985-ல் வந்த கட்சித்தாவல் தடைச் சட்டமும் அப்படித்தான். தனியாகத் தாவினால் பதவி போகும். மூன்றில் ஒரு பங்கினர் சேர்ந்து போனால் அது 'பிளவு', பதவிக்கு ஆபத்தில்லை. 2003-ல்தான் அந்த வழியை அடைத்தார்கள். அந்த மூன்றில் ஒரு பங்கை உங்களை மனப்பாடம் செய்ய வைத்தேனே தவிர, ஏன் என்று ஒருநாளும் கேட்க வைக்கவில்லை.