பெயரும் பொருளும்

குழந்தைக்குப் பெயர் சூட்டுதல் நம்மவர் தொன்றுதொட்டுப் போற்றிவரும் சடங்குகளுள் ஒன்று. சோதிடர் குறித்துக் கொடுத்த எழுத்துக்கு ஏற்ற பெயரைத் தேடும் பெற்றோர் பலர், பெயர்ப் பட்டியல்கள் கூறும் பொருளை அப்படியே நம்பிவிடுகின்றனர். ஒரு பெயரின் பிறப்பையும் பொருளையும் சோதித்து அறிவது எங்ஙனம் என்பதை ஈண்டுச் சிறிது ஆராய்வோம்.

முதற்கண் நம் அயலிலுள்ள வரலாற்றையே எடுத்துக்கொள்வோம். பல்லேகலவுக்கு அண்மையிலுள்ள குண்டசாலையில் அரண்மனை அமைத்து வாழ்ந்தவன் வீர நரேந்திரசிங்கன் (1707–1739). அவனுக்குப் பின் அவனுடைய மதுரைத் தேவியின் சகோதரன் கண்டிக்கு அரசனானான். அந்த நாயக்கர் வரிசையில் இறுதியாக 1798 இல் முடிசூடியவன் கண்ணுசாமி. அரியணையில் அவன் பூண்ட பெயர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன். ராஜசிங்கன் என்றால் அரசருள் சிங்கம் என்பது பொருள். ஆயினும் அது நாயக்கர் கொண்டுவந்த பெயரன்று. அவர்களுக்கு முன் சீதாவாக்கையிலும் கண்டியிலும் ஆண்ட சிங்கள மன்னரும் அப்பெயரைப் பூண்டிருந்தனர். ஆகவே சொற்பொருள் மட்டும் போதாது; அப்பெயரை யார், எப்போது சூடினர் என்பதையும் காணல் வேண்டும்.

சொற்பொருளுக்கு அகராதியே துணை. மானிப்பாய் அகராதி என வழங்கும் யாழ்ப்பாண அகராதி 1842 இலேயே அச்சேறியது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்தது. முருகன் என்னும் திருப்பெயரை நோக்குவோம். அதிலுள்ள மு, ரு, க என்னும் எழுத்துகள் முகுந்தன், உருத்திரன், கமலத்தோன் ஆகிய மூவரைக் குறிக்கும் என்பர். இது அடியார் கண்ட இனிய விளக்கமேயன்றிச் சொல்லின் பிறப்பு அன்று. முருகு என்னும் தமிழ்ச் சொல்லுக்கு இளமை, அழகு, மணம் என்பன பொருள்.

இனி, நம் தோட்டங்களில் அருகிவரும் மாரியாயி, மாரிமுத்து முதலிய பெயர்களைப் பார்ப்போம். மாரி என்றால் மழை என்பது பழந்தமிழ் வழக்கு. வடமொழியில் கொள்ளைநோயைக் குறிக்கும் மாரி என்ற சொல்லும் உண்டு. அம்மனின் பெயருக்கு இவ்விரண்டையும் காரணமாகக் கூறுவர். கடந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டில் கோப்பித் தோட்டங்களை நாடி வந்த நம் முன்னோர், மன்னார்க் கரையிலிருந்து மாத்தளை வரை காட்டுவழியே நடந்தனர். வாந்திபேதிக்கும் வைசூரிக்கும் வழியிலே பலியானோர் பலர். உயிர் தப்பியோர் தம் மக்களுக்கு அம்மன் பெயரை இட்டதில் வியப்பென்ன? மாத்தளை முத்துமாரியம்மன் ஆலயம் இன்றும் அவ்வழியை நமக்கு நினைவூட்டுகின்றது. நாகரிகமன்று எனச் சிலர் நாணி ஒதுக்கும் இப்பெயர்களில் ஒரு சமுதாயத்தின் சரித்திரமே அடங்கியிருக்கின்றது.

புதுப்பெயர் இடுவோரை நாம் குறை கூறவில்லை. இடுமுன் அது எம்மொழிச் சொல், அகராதி தரும் பொருள் யாது, முன்னோர் அதனை எவ்வாறு வழங்கினர் என மூன்றையும் வினவுமாறு இளைஞர்களை வேண்டுகின்றோம். பாட்டியாரின் பெயரைப் பற்றியும் அவ்வாறே வினவுக. கொள்வதா, விடுவதா என்பதை அதன் பின்னர் முடிவு செய்க.