பட்டாணியும் போர் விமானமும்: ஒரு துளையின் வரலாறு



நீங்கள் உட்கார்ந்திருக்கும் நாற்காலியைக் கொஞ்சம் தடவிப் பாருங்க. அதில் எங்கேயோ திருகாணி இருக்கும், ஆனால் கையில் தட்டுப்படாது. அதன் தலை மரத்துக்குள் அமிழ்ந்து, மேற்பரப்போடு சமமாக உட்கார்ந்திருக்கும். அப்படி உட்காருவதற்காகத் துளையின் வாயைப் புனல்போல அகலமாகக் குடைகிறார்கள். பட்டறையில் இதற்குப் பெயர் ‘கவுண்டர்சிங்க்’.

இன்று மேசைமேல் வைக்கக்கூடிய சிறிய சி.என்.சி. இயந்திரமே இந்த வேலையைச் செய்துவிடும். எவ்வளவு ஆழம், எந்தக் கோணம் என்று எண்களைக் கொடுத்தால் போதும். ஆனால் அந்த எண்கள் எங்கிருந்து வந்தன? அதுதான் இந்தக் கட்டுரையின் கேள்வி.

1. அரத்திலிருந்து இயந்திரத்துக்கு

ஒரு காலத்தில் மரத் திருகாணியின் புரியை அரத்தால் ஒவ்வொன்றாக ராவி எடுத்தார்கள். ஒன்றைப்போல இன்னொன்று இருக்காது. 1760-இல் இங்கிலாந்தின் ஸ்டாஃபோர்ட்ஷயரைச் சேர்ந்த ஜோப் வயட், வில்லியம் வயட் என்ற சகோதரர்கள் திருகாணி செய்யும் இயந்திரத்துக்குக் காப்புரிமை பெற்றார்கள். அதன்பிறகு ஒரே அளவில் நிறையத் திருகாணிகள் செய்ய வழி பிறந்தது. தலைகள் ஒரே அளவில் வந்தால்தானே அவற்றுக்கேற்ற குழியையும் ஒரே அளவில் குடைய முடியும்?

மரம் கொஞ்சம் பொறுத்துப்போகும். குழி சற்றுச் சிறியதாக இருந்தாலும், திருகாணியை இறுக்கும்போது மரம் நசுங்கி இடம் கொடுத்துவிடும். அலுமினியம் அப்படி விட்டுக்கொடுக்காது. இந்த வேறுபாட்டை மனத்தில் வைத்துக்கொண்டு அடுத்த பகுதிக்கு வாங்க.

2. பட்டாணிச் சோதனை

1930-களில் விமானங்களின் உடல் மரத்திலிருந்தும் துணியிலிருந்தும் அலுமினியக் கலவைத் தகட்டுக்கு மாறியது. தகடுகளை ரிவெட் ஆணிகளால் இணைத்தார்கள். ஆணியின் தலை குமிழ்போல வெளியே துருத்தினால் காற்று தடைபடும், வேகம் குறையும். தலை உள்ளே அமிழ்ந்தால் பரப்பு வழவழப்பாக இருக்கும். 1935-இல் ஹோவர்ட் ஹியூஸின் எச்-1 விமானம் மணிக்கு 352 மைல் வேகத்தில் பறந்து சாதனை படைத்தது. சமதள ரிவெட்டுகள் அந்த விமானத்தின் முக்கிய அம்சங்களில் ஒன்று.

ஆனால் சமதள ரிவெட்டுக்கு நேரமும் ஆள்பலமும் அதிகம் தேவை. போர் நெருங்கும் காலத்தில் விமானங்களை விரைவாகச் செய்து முடிக்கவும் வேண்டும். எல்லா இடத்திலும் சமதள ரிவெட் அவசியமா? ஸ்பிட்ஃபயர் விமானத்தை உருவாக்கிய பொறியாளர்கள் இதற்கு ஓர் எளிய வழி கண்டார்கள். உடைத்த பட்டாணியை வாங்கி, மாதிரி விமானத்தின் சமதள ரிவெட்டுகள்மேல் ஒவ்வொன்றாக ஒட்டினார்கள். அரைப் பட்டாணி, குமிழ்த் தலை ரிவெட்டைப் போலவே இருக்கும் இல்லையா? பறந்து பார்த்தபோது வேகம் மணிக்கு 22 மைல் வரை குறைந்தது. பிறகு பகுதி பகுதியாகப் பட்டாணியைச் சுரண்டி எடுத்து, எந்த இடத்தில் சமதளம் உண்மையிலேயே முக்கியம் என்று கண்டுபிடித்தார்கள்.

இதில் நமக்குப் பாடம் இருக்கிறது. எல்லாத் துளையையும் அழகுக்காகக் குடைவது பொறியியல் ஆகாது. தேவைப்படும் இடத்தில் மட்டும் குடைவதே பொறியியல்.

இந்த விமானத்துக்கும் நம் வட்டாரத்துக்கும் தொடர்பு உண்டு. பிரிட்டிஷ் விமானப்படையில் ஸ்பிட்ஃபயரின் கடைசிப் போர்க்காலப் பணிப் பறப்பு 1954 ஏப்ரல் 1-ஆம் நாள் சிங்கப்பூரின் சிலேத்தார் தளத்திலிருந்து நடந்தது. மலாயாவில் அவசரகாலம் நிலவிய அந்த நாள்களில் வானிலிருந்து படம் எடுக்கச் சென்ற விமானம் அது.

3. மூன்று கோணங்கள்

திருகாணித் தலையின் கோணம் உலகம் முழுக்க ஒன்றல்ல. அமெரிக்க அங்குல அளவுத் திருகாணிகளுக்கு 82 பாகை. நாம் கடையில் வாங்கும் மெட்ரிக் திருகாணிகளுக்கு 90 பாகை. அமெரிக்க விமான ரிவெட்டுகளுக்குப் பெரும்பாலும் 100 பாகை. ஏன் 100? கோணம் விரிந்தால் தலை தட்டையாகும், குழியின் ஆழம் குறையும். மெல்லிய தகட்டுக்கு அதுதான் பொருத்தம். தகட்டின் கனத்தைவிட ஆழமாகக் குடைந்தால் துளையின் விளிம்பு கத்திமுனைபோல மெலிந்து கிழிந்துவிடும். அதனால் மிக மெல்லிய தகட்டைக் குடையாமல், அழுத்திக் குழிய வைப்பார்கள்.

4. எண்களுக்குக் கீழ்ப்படியும் இயந்திரம்

சி.என்.சி.யின் பிறப்பிலும் விமானத்துக்குப் பங்கு உண்டு. அமெரிக்காவின் மிச்சிகனில் ஹெலிகாப்டர் இறக்கைகள் செய்துவந்த ஜான் பார்சன்ஸ், வளைவுகளைக் கணக்கிட்டு, அந்த எண்களைக் கொண்டே இயந்திரத்தை இயக்கலாம் என்று எண்ணினார். 1949-இல் அமெரிக்க விமானப்படையின் ஒப்பந்தம் கிடைத்தது. 1952-இல் எம்.ஐ.டி. ஆய்வகம், துளையிட்ட காகித நாடாவைப் படித்து இயங்கும் மில்லிங் இயந்திரத்தைச் செய்துகாட்டியது. அன்று ஓர் அறையை அடைத்துக்கொண்ட கட்டுப்பாட்டுக் கருவியின் வேலையை இன்று உள்ளங்கை அளவுப் பலகை செய்கிறது. 2009-இல் வெளிவந்த ‘ஜி.ஆர்.பி.எல்.’ என்ற இலவச மென்பொருள், விலை மலிவான ஆர்டுயினோ பலகையிலேயே இயங்கியது. வீட்டுப் பட்டறைக்குள் சி.என்.சி. நுழைய அது பெரிதும் உதவியது.

5. கணக்கிட்டுப் பாருங்கள்

90 பாகை வெட்டுமுனையின் கூர்நுனி பலகையைத் தொடும் இடத்தைச் சுழியம் என்று வைத்துக்கொள்ளுங்கள். திருகாணித் தலையின் விட்டம் 8 மி.மீ. என்றால் இறங்க வேண்டிய ஆழம் அதில் பாதி, அதாவது 4 மி.மீ. அதே விட்டத்துக்கு 82 பாகை முனை ஏறக்குறைய 4.6 மி.மீ. இறங்க வேண்டும்.

கோணம் மாறிப்போனால் என்ன ஆகும்? 90 பாகைக் குழியில் 82 பாகைத் தலையைப் போட்டால் அதன் அடிப்பகுதி மட்டுமே குழியைத் தொடும். திருகாணியின் தண்டும் அதற்கான துளையும் 4 மி.மீ. என்றால் தலை சுமார் 0.3 மி.மீ. வெளியே நிற்கும். மரத்தில் இறுக்கினால் ஓரளவு அமுங்கிவிடும். அலுமினியத்தில் அது துருத்திக்கொண்டேதான் இருக்கும்.

செய்முறையில் கவனிக்க வேண்டியவை:

• முதலில் தண்டுக்கான துளை, பிறகுதான் வாய்க்குழி.
• பலகை வளைந்திருந்தால் இயந்திரத்துக்குத் தெரியாது. ஒரு பக்கம் ஆழமாகவும் மறுபக்கம் மேலாகவும் வெட்டும். 90 பாகை முனையில் ஆழம் 0.2 மி.மீ. பிசகினால் வாயின் விட்டம் 0.4 மி.மீ. பிசகும்.
• அலுமினியத் துகள் வெட்டுமுனையில் ஒட்டிக்கொள்ளும். சிறிய இயந்திரத்தின் சட்டமும் அதிரும். சுழற்சி வேகத்தைக் குறைத்து, கொஞ்சம் மசகு எண்ணெய் விட்டு, துகளை அகற்றிக்கொண்டே வெட்டுங்கள்.
• கண்ணாடிக் கவசம் கட்டாயம். முதலில் கழிவுத் துண்டில் வெட்டிப் பாருங்கள்.

இயந்திரம் கொடுத்த எண்ணை அப்படியே செய்யும். அந்த எண் சரியா என்று அதற்குத் தெரியாது. ஸ்பிட்ஃபயர் பொறியாளர்களிடம் கணினி இல்லை, பட்டாணிதான் இருந்தது. ஆனால் ‘ஏன் குடைகிறோம், எங்கே குடைகிறோம்’ என்று கேட்கத் தெரிந்திருந்தது. மாணவர்களே, தேர்வுத்தாளிலும் பட்டறையிலும் முதலில் கேட்க வேண்டிய கேள்வி அதுதான்.

பயிற்சி வினாக்கள்

1. விமான ரிவெட்டுகளுக்கு 100 பாகைக் கோணம் ஏற்றதாக இருப்பதற்குக் காரணம் யாது?
2. பட்டாணிச் சோதனையின் நோக்கம், செய்முறை, முடிவு ஆகியவற்றை எழுதுக.
3. தலையின் விட்டம் 10 மி.மீ. எனில், 90 பாகை முனை எவ்வளவு ஆழம் இறங்க வேண்டும்? அதை 4 மி.மீ. கனமுள்ள அலுமினியத் தகட்டில் குடையலாமா? காரணம் கூறுக.